பசின்னு பேர் வச்ச படம்

அந்தப் பையை மேல கம்பியில வைக்காதீக தம்பி. இந்த ரோட்டுல பஸ்சு ஆடுற ஆட்டத்துக்கு உள்ள இருக்கிற லென்சு கலகலத்துப் போகும். மடியிலயே வச்சுக்கங்க. எப்படிக் கண்டுபிடிச்சேன்னு பாக்குறீகளா? இருபத்தாறு வருசமா இதே மாதிரிப் பையைத் தூக்கித்தான் எனக்கு எடது தோளு எறங்கிக் கெடக்கு. நல்லாப் பாருங்க, சட்டை ஒரு பக்கமாத் தொங்குதா? டெய்லரு மேல தப்பு இல்ல.

நான் ராக்கப்பன். கமுதி பஜார்ல நிலா ஸ்டுடியோன்னு கேட்டாச் சின்னப்புள்ள கூடக் கைகாட்டும். இப்ப மதுரைக்கு ஆல்பம் பிரிண்டு வாங்கப் போறேன். நீங்க எங்க போறீக? ஓ, ஊர் ஊராச் சுத்தி ஜனங்களை எடுக்கவா. கிராமத்து ஜனங்களை. நல்லது நல்லது. ஏழைபாழைகளை எடுத்தாத்தான் இப்பப் படத்துக்கு மரியாதை. கல்யாணப் பொண்ணை எவன் பாக்குறான்? யாரு வழி காட்டுறா உங்களுக்கு? ஒருத்தரும் இல்லையா? அப்ப நல்ல நேரம்தான் நீங்க இந்த சீட்டுல வந்து உக்காந்தது. ஆனா ஒண்ணு, கருப்பங்கூவல் பக்கம் மட்டும் போயிராதீக. அந்த ஊரு கெட்டுப் போச்சு. நான் வளத்து விட்ட ஊரு தம்பி அது. முத்திருளாயின்னு ஒரு பொம்பளை கெடுத்துப்புட்டா.

அவ மேல எனக்குக் கோவம் கெடையாது. புள்ளையப் பறிகொடுத்தவ, அவகிட்டப் போய்க் கோவப்படலாமா? வருத்தம். வருத்தம்னு வச்சுக்கங்க. அருப்புக்கோட்டை போய்ச் சேர இன்னும் முக்கா மணி நேரம் கெடக்கு, சொல்றேன். நியாயம் யாரு பக்கம்னு கேட்டுட்டு நீங்களே சொல்லுங்க.

மொதல்ல என் பொழப்பைச் சொல்லணும். ஆளாளுக்குக் கையில போனு வந்த அன்னைக்கே ஸ்டுடியோவுக்குப் பால் ஊத்தியாச்சு. கல்யாணம்னா மதுரையில இருந்து எட்டுப் பேரு வந்து எறங்குறான், தலைக்கு மேல ட்ரோனு பறக்குது. எனக்கு மிஞ்சுனது ரெண்டே வேலை. ஒண்ணு பாஸ்போர்ட் போட்டோ. இன்னொண்ணு செத்தவுக படம். நம்ம பக்கம் உசுரோட இருக்கையில யாரு படம் எடுத்து மாட்டி வைக்கிறா? மூச்சு நின்ன மறுநாளு பழைய ரேசன் கார்டைத் தூக்கிட்டு ஓடி வருவாக, பெருசாப் போட்டுக் குடுங்கன்னு. நான் அந்த மொகத்தை மட்டும் வெட்டி எடுத்து, கம்ப்யூட்டர்ல இருக்கிற பட்டுச்சேலைக்காரி ஒடம்புல ஒட்டி, காதுக்குக் கம்மல், கழுத்துக்குக் காசுமாலை, நெத்தியில குங்குமம்னு வச்சு விடுவேன். உசுரோட இருந்தப்ப மூக்குத்திக்கே வழியில்லாத கெழவிக்கு அம்புட்டு நகையும் நான் போட்டு அழகு பாத்திருக்கேன். வீட்டாளுக வாங்கிப் பாத்துட்டு, "ஆத்தா அப்படியே இருக்கே"ன்னு கட்டிப் பிடிச்சு அழுவாக. கை வந்த வேலை எனக்கு. அதை நான் பெருமையாவே சொல்லுவேன்.

அப்படி ஓட்டிக்கிட்டு இருக்கையிலதான் நந்தகோபால் சார் வந்தாரு. மெட்ராசுல பேங்குல பெரிய உத்தியோகம் பாத்து ரிட்டயர் ஆனவரு. படம் எடுக்குறவுக சங்கம் ஒண்ணு வச்சிருக்காரு. தங்கமான மனுசன். என்னைய ஒருநாள் கூட ராக்கப்பான்னு கூப்பிட்டது இல்ல, "ஆர்டிஸ்ட்"னுதான் கூப்பிடுவாரு. கடைக்கு வந்து ஒரு பேட்டரி வாங்குனவரு, "இந்தப் பக்கம் கரிமூட்டம் போடுற ஜனங்க இருக்காகளாமே, காட்ட முடியுமா"ன்னு கேட்டாரு. எனக்குச் சிரிப்பு வந்துருச்சு. காசு குடுத்து அந்தப் புகையைப் போய் யாராச்சும் பாப்பாகளா?

நீங்க கரிமூட்டம் பாத்திருக்கீகளா? சீமைக்கருவையை வெட்டி, கட்டை கட்டையாக் கூம்பு மாதிரி அடுக்கி, மேல வைக்கோலைப் போட்டு மண்ணைக் குழைச்சுப் பூசிருவாக. உள்ள நெருப்பு. பத்து நாளு கங்கு மாதிரி உள்ளுக்குள்ளயே வெந்துக்கிட்டுக் கெடக்கும். எங்கயாச்சும் ஓட்டை விழுந்து காத்துப் பூந்துச்சுன்னா அம்புட்டும் சாம்பலாப் போகும், அதனால குடும்பமே ராப்பகலா மூட்டத்தைச் சுத்திச் சுத்தி வந்து மண்ணு அப்பிக்கிட்டு இருக்கும். கண்ணு செவந்து, இருமி இருமி, தலையில இருந்து கால் வரைக்கும் கரி. மார்கழி மாசத்துக் காலையில அந்தப் புகைக்குள்ள வெயிலு எறங்குச்சுன்னா கோடு கோடா விழும் தம்பி. சார் அதைப் பாத்துட்டு வேனை விட்டு எறங்குனவரு மண்ணுல முட்டி போட்டுட்டாரு. சாமி கும்பிடுறாரோன்னு நெனச்சேன். படம் எடுத்துக்கிட்டு இருந்தாரு.

அதுல இருந்து வருசா வருசம் வருவாக. பத்துப் பேரு, பதினஞ்சு பேரு. வேன் புடிக்கிறது, சாப்பாடு, ஊர்க்காரவுககிட்டப் பேசுறது எல்லாம் நானு. சும்மா கூட்டிட்டுப் போயி எறக்கி விடுற வேலைன்னு நெனைக்காதீக. முந்தின நாளே நான் போயி ஊரைத் தயார் பண்ணணும். கருப்பங்கூவல்னா என்ன, பதினெட்டு வீடு. அதுல நாலு கவர்மெண்டு கட்டிக் குடுத்த காரை வீடு, அது பக்கமே கேமராவைத் திருப்ப விடமாட்டேன். வீட்டுக்கு வீடு டிவிக்குக் கொடை மாதிரித் தட்டு வச்சிருப்பாக, அது மேல ஓலையைப் போட்டு மூடச் சொல்லுவேன். பிளாஸ்டிக் குடம், பிளாஸ்டிக் சேரு எல்லாத்தையும் உள்ள எடுத்துப் போடணும். நைட்டி போட்டுக்கிட்டுத் திரியுற பொம்பளைகளைச் சேலை கட்டச் சொல்லணும். எங்கிட்ட ஒரு சாமான் பை இருக்கு. ஒரு மண்சட்டி, நசுங்குன அலுமினியத் தட்டு ஒண்ணு, சின்னப்புள்ளைக்கு ஒரு கிழிஞ்ச கவுனு. என் தங்கச்சி மக போட்டுக் கழிச்சது, தோளுகிட்ட நான்தான் கத்திரிக்கோலு வச்சு லேசாக் கிழிச்சு விட்டேன்.

பொய்யின்னு நெனைக்கிறீக, மொகத்துலயே தெரியுது. பொய்யி இல்ல தம்பி. அவுக கஷ்டப்படுறது நெசம்தானே? அந்தக் கஷ்டத்துக்கு எடைஞ்சலா நிக்கிறதைத்தான் நான் ஒதுக்கி வைக்கிறேன். புள்ளைகளுக்கு பிஸ்கட்டு, நோட்டு, பெரியவுகளுக்குக் கையில ஏதோ குடுத்துட்டுத்தான் வருவாக. யாரும் சும்மா எடுத்துட்டுப் போகல.

முத்திருளாயி மகதான் தன்ஷிகா. ஆமா, பேரே அதுதான். டிவியில பாத்து வச்சிருக்கா. புருசன்காரன் வடக்க எங்கயோ முறுக்குக் கம்பெனியில இருக்கான், தீவாளிக்கு ஒருக்க வருவான். இவ ஒருத்தியா மூட்டம் போட்டுக்கிட்டு அந்தப் புள்ளையப் படிக்க வச்சா. அஞ்சாப்பு. சங்கத்துல வந்த அம்மா ஒருத்தவுக பேரைக் கேட்டுட்டு, "இந்த ஊருக்கு இந்தப் பேரு ஒட்டலையே"ன்னு மொகத்தைச் சுளிச்சாக. பேரைக் கூடவா நான் மாத்தி வைக்க முடியும்?

ஆனா மொகம் இருக்கு பாருங்க, கேமராவுக்குன்னே செஞ்ச மொகம். கருகருன்னு, கண்ணு ரெண்டும் அகலமா. மூணு வருசமா எல்லாரும் அவளைத்தான் தேடி எடுப்பாக. கம்ப்யூட்டர்ல பேரு போட்டு நான் தனியாவே வச்சிருந்தேன், நானூறு படத்துக்கு மேல இருக்கும். ஒரே ஒரு தொல்லை. நாங்க வர்றது தெரிஞ்சாப் போதும், வெடியக் காலையிலயே குளிச்சு, எண்ணெய் வச்சு ரெட்டைச் சடை போட்டு, பவுடர் அப்பி, பொங்கலுக்கு எடுத்த நெட்டு வச்ச ரோஸ் கவுனைப் போட்டுக்கிட்டு ரோட்டுல வந்து நிக்கும். எனக்குத் தலையில அடிச்சுக்கலாம் போல இருக்கும். "அடியே, போயி அதைக் கழட்டிட்டு இந்தக் கவுனைப் போட்டுட்டு வா. சடையை அவுத்து விடு. மொகத்துல கொஞ்சம் கரியைத் தேச்சுக்க"ம்பேன்.

"மாமா, இந்தக் கவுன்ல ஒண்ணே ஒண்ணு எடுங்க மாமா. அப்புறம் மாத்திக்கிறேன்."

"எல்லாம் முடியட்டும் தாயி, கடைசியில எடுப்போம்."

கடைசியில யாருக்கு நேரம் இருக்கும்? வேனு ஹாரன் அடிக்கும். அது ஓடிப் போயி ரோஸ் கவுனை மாட்டிக்கிட்டு மூச்சு வாங்க வந்து நிக்கிறப்ப நாங்க ரோட்டுல ஏறியிருப்போம். டாட்டா காட்டும். நானும் காட்டுவேன். புள்ளை மேல பிரியம் இல்லாமயா?

போன வருசத்து மார்கழிக் கடைசி. போயி எறங்குறோம், தன்ஷிகா ரோட்டுல இல்ல. நல்லதாப் போச்சு, இன்னைக்கு மல்லுக்கட்டு இல்லைன்னு நெனச்சேன். முத்திருளாயி ஓடி வந்தா.

"அண்ணே, புள்ளைக்கு ரெண்டு நாளாக் காய்ச்சல் அடிக்குது. சோறு தண்ணி தங்க மாட்டேங்குது. திரும்பிப் போறப்ப வேன்ல எங்களைக் கமுதி ஆஸ்பத்திரியில எறக்கி விட்டுருங்கண்ணே. பஸ்சு சாயங்காலந்தான்."

"அதுக்கென்னத்தா, ஒரு அரை மணி நேரம். முடிச்சுட்டுக் கூட்டிட்டுப் போறோம்"னேன்.

அந்தப் புள்ளை மூட்டத்துக்குப் பக்கத்துல சாக்கு மேல சுருண்டு படுத்திருந்துச்சு. குளிருதுன்னு வெக்கைக்காக அங்க போட்டிருக்கா. தலை சீவல, ஒண்ணும் பண்ணல. நந்தகோபால் சார் அதைப் பாத்துட்டு என் கையைப் புடிச்சுக்கிட்டாரு. "ஆர்டிஸ்ட், அந்தக் கண்ணைப் பாருங்க, அந்தக் கண்ணைப் பாருங்க"ங்கிறாரு. உள்ளபடிக்குச் சொல்றேன், அப்படி ஒரு கண்ணை நானும் பாத்தது இல்ல. பளபளன்னு, தண்ணி கட்டி, எங்கயோ தூரத்துல பாத்துக்கிட்டு. எழுப்பி உக்கார வச்சேன். கையில அலுமினியத் தட்டைக் குடுத்தேன். வெறுந்தட்டு. "இதை மட்டும் புடிச்சுக்கத்தா, மாமா சொல்றேன்ல." ஒடம்பு அனலாத்தான் இருந்துச்சு. பக்கத்துல நெருப்பு, அந்தச் சூடுன்னு நெனச்சேன். நெசமாத் தம்பி, அப்படித்தான் நெனச்சேன்.

அரை மணி நேரம் ரெண்டு மணி நேரம் ஆயிப் போச்சு. ஒருத்தர் மாத்தி ஒருத்தரு வர்றாக, எல்லாரும் ஆளுக்கு ஒரு பக்கம் படுத்து எடுக்குறாக. தட்டு ரெண்டு தடவை கீழ விழுந்துச்சு, எடுத்துக் குடுத்தேன். முடிச்சுட்டுப் பாத்தா மணி பத்தாகப் போகுது. அன்னைக்கு ராமேஸ்வரத்துப் பக்கம் சாயங்காலம் கடலு எடுக்கணும்னு திட்டம். அதுக்குச் சாயல்குடி வழியாப் போகணும், கமுதிக்குப் போனா நேர் எதிர்த் திசை. சார் நல்லவரு, அவருதான் கேட்டாரு, "அந்தப் பொண்ணை ஆஸ்பத்திரிக்கு"ன்னு இழுத்தாரு. நான்தான், "அதெல்லாம் அவுக பாத்துக்குவாக சார், பழக்கப்பட்ட ஒடம்பு, ஒண்ணும் ஆகாது"ன்னேன். பின்ன, பதினோரு பேரு நேரத்தை ஒரு காய்ச்சலுக்காகக் கெடுக்க முடியுமா? காய்ச்சல் மாத்திரை ஒரு அட்டை இருந்துச்சு, அதை முத்திருளாயி கையில குடுத்தேன். அவ மாத்திரையையும் பாக்கல, என்னையும் பாக்கல. வேனையே பாத்துக்கிட்டு நின்னா.

மெயின் ரோட்டுக்கு மூணு கிலோமீட்டரு, தூக்கிட்டு நடந்திருக்கா. கமுதியில பாத்துட்டு மதுரைக்குப் போகச் சொல்லிட்டாக. மூணாம் நாளு முடிஞ்சுபோச்சு. டெங்குன்னாக. கொஞ்சம் முன்னாடி வந்திருந்தாப் பாத்திருக்கலாம்னு டாக்டர் சொன்னாராம். டாக்டருக எப்பவும் அப்படித்தானே தம்பி சொல்லுவாக.

எழவுக்குப் போனேன். பெரிய மாலையா வாங்கிட்டுப் போனேன். மூஞ்சி குடுத்து யாரும் பேசல. சரி, துக்க வீடு.

முப்பதாம் நாளைக்கு ரெண்டு நாளு இருக்கையில முத்திருளாயி ஸ்டுடியோவுக்கு வந்தா. அதுவரைக்கும் அவ என் கடைப்படி ஏறுனதே இல்ல. "அண்ணே, சாமி கும்பிடுறதுக்கு எம்மவ படம் ஒண்ணு வேணும். உங்ககிட்டத்தான் நெறைய இருக்குமே"ன்னா. எனக்கு மனசு உருகிப் போச்சு. "நீ ஒண்ணும் குடுக்க வேணாம் ஆத்தா, நான் போட்டுத் தர்றேன்"னு சொல்லிட்டு நானூறு படத்தையும் உக்காந்து பாத்தேன். சும்மா சொல்லக் கூடாது, ஒண்ணை விட ஒண்ணு அழகு. ஆனா தலை சீவுன படம் ஒண்ணு இல்ல தம்பி. ஒண்ணு கூட இல்ல. எல்லாத்துலயும் என் தங்கச்சி மக கவுனு.

அதுக்கு நான் அசருவேனா? அந்தக் கடைசி நாளு படந்தான் இருக்குறதுலயே துல்லியம். அதை எடுத்து, கையில இருந்த தட்டை அழிச்சு, பட்டுப்பாவாடை சட்டை மாட்டி, தலையை வாரிப் பூ வச்சு, நிறத்தையும் கொஞ்சம் தூக்கி விட்டு, ஆளுயரத்துக்கு இல்லைன்னாலும் பாதி உயரத்துக்குப் பிரேம் போட்டு வச்சேன். ராணி மாதிரி இருந்துச்சு.

அவ வந்து பாத்தா. ரொம்ப நேரம் பாத்தா. அழுவான்னு தண்ணியெல்லாம் எடுத்து வச்சிருந்தேன்.

"இது யாருண்ணே?"

"ஒம் மகதான், நல்லாப் பாரு."

கிட்டப் போயி அந்தக் கண்ணை மட்டும் கையால மறைச்சா, அப்புறம் மத்ததை மறைச்சுட்டுக் கண்ணை மட்டும் பாத்தா. "இது அன்னைக்கு எடுத்ததா?"ன்னு கேட்டா. நான் பிரேமு கண்ணாடியைத் துணியால தொடச்சேன். "காய்ச்சக் கண்ணுண்ணே இது. அன்னைக்கு எங்களைக் கூட்டிட்டுப் போங்கன்னு கேட்டேன்ல, அந்தக் கண்ணு. இதைக் கொண்டு போயி வீட்டுல வச்சு நான் தெனமும் பாக்கணுமா?"

சேலை முந்தியில முடிஞ்சு வச்சிருந்த ஒண்ணை அவுத்து மேசையில வச்சா. பள்ளிக்கூடத்து அடையாள அட்டை. "இதைப் பெருசாக்கிக் குடுங்க"ங்கிறா. நகத்தளவு படம். வேர்வையும் தண்ணியும் பூந்து பாதி மொகம் வெளுத்துப் போச்சு. அந்தப் படம் எடுத்ததே நான்தான் தம்பி, வருசா வருசம் அந்தப் பள்ளிக்கூடத்துக்கு நான்தான் போறது. வரிசையா நிக்க வச்சு ஒரு மணி நேரத்துல தொண்ணூறு புள்ளைகளை எடுப்பேன், எந்தப் புள்ளை யாருன்னு எவன் பாக்குறான்? அட்டை அடிச்சுக் குடுத்த மறுநாளே எல்லாத்தையும் அழிச்சிருவேன், எடத்தை அடைக்கும்ல. அவ மத்த நானூறையும் வேணாம்னுட்டு இதைக் கேக்குறா. "பெருசாக்குனா ஒண்ணும் தெரியாதுத்தா, புள்ளி புள்ளியாப் போகும்"னேன். "பரவால்ல"ன்னா.

போட்டுக் குடுத்தேன். ஒரே மங்கல். மூக்கு எது வாயி எதுன்னு எனக்கே பிடிபடல. கடைப் பேரைக் கூடக் கீழ போடல, அவமானமா இருந்துச்சு. அவ அதைக் கையில வாங்கி வச்சுக்கிட்டு வெரலை வச்சுக் காட்டுறா. "இந்தா ரிப்பன். ரெண்டும் ஒண்ணுபோல இருக்கணும்னு மூணு தடவை அவுத்துக் கட்டச் சொன்னா அன்னைக்கு. பவுடரு காதுக்கிட்டத் திட்டா இருக்கு பாருங்க." நானும் குனிஞ்சு குனிஞ்சு பாக்குறேன். அவ இருக்குங்குறா. பிரேமை நெஞ்சோட அணைச்சுக்கிட்டுப் போயிட்டா. என் படம் இன்னும் கடை மூலையில சாத்தி வச்சிருக்கு.

அதோட முடிஞ்சுச்சுன்னுதான் நான் நெனச்சேன். ஆடி மாசம் நந்தகோபால் சார் படத்துக்குப் பரிசு வந்துருச்சு. வெளிநாட்டுப் பரிசு. தட்டைப் புடிச்சுக்கிட்டு அந்தப் புள்ளை உக்காந்திருக்கிற படம். பேப்பர்ல முழுப் பக்கம் வந்துச்சு. சார் அதுக்கு 'பசி'ன்னு பேரு வச்சிருந்தாரு. நான் அந்தப் பேப்பரைக் கடையில ஒட்டி வச்சு வாரவன் போறவனுக்கெல்லாம் டீ வாங்கிக் குடுத்தேன். என் தட்டு தம்பி அது!

கரி வாங்குற யாவாரி ஒருத்தன் அதை முத்திருளாயிக்கிட்டக் காட்டிட்டான். எட்டாப்பு படிச்சவ, எழுத்துக் கூட்டத் தெரியும். பேப்பரைச் சுருட்டிக்கிட்டு வந்துட்டா.

"பசின்னு போட்டிருக்கு. எம்மவ எந்தப் பசியில இருந்தாண்ணே? அன்னைக்குக் காலையில ரசஞ்சோறு கரைச்சு ஊட்டுனேன். ரெண்டு வாயில வாந்தி எடுத்துட்டா. அந்தத் தட்டு எங்க தட்டு இல்ல. எங்க வீட்டுல எவர்சில்வர் தட்டு, அவ பேரு வெட்டுனது. பெத்த புள்ளைக்குச் சோறு போடாதவன்னு ஊரு உலகம் பூரா எழுதி ஒட்டிட்டீகளேண்ணே."

"அது கலைத்தா. பசின்னா ஒம் மக பசின்னு அர்த்தம் இல்ல. பொதுவா, நாட்டோட பசி."

"நாட்டோட பசிக்கு எம்மவ மொகம் எதுக்கு?" அவ கத்தல. கத்தியிருந்தா எனக்குச் சுலபமா இருந்திருக்கும். "பேரை மாத்தச் சொல்லுங்க. காய்ச்சல்னு போடச் சொல்லுங்க. அதுதானே நெசம்? வேற ஒண்ணும் வேணாம் எனக்கு."

சரி சொல்றேன்னேன். எப்படிச் சொல்றது? அவரு பரிசு வாங்க ஏரோப்பிளேன் ஏறிப் போயிருக்காரு. அந்தச் சந்தோசத்துல இருக்கிற மனுசன்கிட்டப் போயி, அந்தப் புள்ளை செத்துப் போச்சு, பேரை மாத்துங்கன்னா சொல்ல முடியும்? செத்த சேதியையே நான் அவருகிட்டச் சொல்லல. நல்ல மனசுக்காரரு, தாங்க மாட்டாரு. முத்திருளாயி ரெண்டு தடவை ஆளனுப்பிக் கேட்டா. "சொல்லிட்டேன், பாக்கலாம்னு சொல்லியிருக்காரு"ன்னு ஒப்புக்குச் சொல்லி அனுப்புனேன்.

போன மாசம் திரும்ப மார்கழி. சார் பன்னெண்டு பேரைக் கூட்டிட்டு வந்தாரு. ஸ்வீட்டு பாக்கெட்டு, துணிமணி, பரிசு வாங்குன படத்தை அட்டையில ஒட்டி அந்தப் புள்ளைக்குக் குடுக்கணும்னு அதையும் கொண்டு வந்திருந்தாரு. புள்ளை ஊருக்குப் போயிருக்குன்னு சொல்லிச் சமாளிச்சிரலாம்னு யோசிச்சு வச்சிருந்தேன். முந்தின நாளு நான் போனப்ப ஊரு எப்பவும் போலத்தான் இருந்துச்சு. சேரை உள்ள எடுத்துப் போடுங்கன்னு சொன்னதுக்குத் தலையாட்டுனாக.

ஏழு மணிக்குப் போயி எறங்குறோம். மூட்டத்துல புகையே இல்ல. ஊரு பூரா மைதானத்துல நிக்கிது தம்பி. குளிச்சு, தலை சீவி, பொம்பளைக எல்லாம் கல்யாணத்துக்குக் கட்டுற சேலையில, பூ வச்சு. ஆம்பளைக வெள்ளை வேட்டி. புள்ளைக எல்லாம் பவுடரு, சடை, பொங்கல் துணி. முன்னாடி பிளாஸ்டிக் சேரை வரிசையாப் போட்டு வயசானவுகளை உக்கார வச்சிருக்காக. நட்ட நடுவுல முத்திருளாயி, அந்த மங்கல் படத்தை மாலையோட நெஞ்சுக்கு நேராப் புடிச்சுக்கிட்டு. என் ஸ்டுடியோவுல குரூப் போட்டோவுக்கு நிப்பாகல்ல, அந்த மாதிரி.

"வாங்க சார். எடுங்க"ன்னா.

சார் என் காதுக்கிட்ட, "என்ன ஆர்டிஸ்ட், ஏதாச்சும் விசேசமா?"ங்கிறாரு. அப்புறம் அவளைப் பாத்து, "நீங்க உங்க வேலையைப் பாருங்கம்மா, நாங்க பாட்டுக்கு எடுத்துக்கிறோம்"னாரு.

"இன்னைக்கு வேலை இல்ல சார். படம் எடுக்கத்தான் குளிச்சுட்டு நிக்கிறோம். இவளையும் சேத்து எடுங்க. நீங்க எடுத்தீகல்ல, பசின்னு போட்டீகல்ல, அந்தப் புள்ளை இவதான். நீங்க எடுத்த மூணாம் நாளு செத்துப் போனா. பசியில இல்ல, காய்ச்சல்ல."

சாருக்கு மொகம் வெளிறிப் போச்சு. என்னைய ஒரு பார்வை பாத்தாரு தம்பி. அவரு கையில அந்த அட்டை இருந்துச்சு, அதை எங்க வைக்கிறதுன்னு தெரியாமப் பின்னாடி மறைச்சுக்கிட்டாரு. "ரொம்ப வருத்தமா இருக்கும்மா"ன்னு என்னமோ சொன்னாரு. அவ கேட்டுட்டு, "சரிங்க சார். எடுங்க"ன்னா.

பன்னெண்டு பேரு. ஒவ்வொருத்தர் கழுத்துலயும் கேமரா. ஒருத்தரும் கையைத் தூக்கல. ஒரு அம்மா மெதுவா, "இதுல எடுக்க என்ன இருக்கு"ன்னு இன்னொரு அம்மாகிட்டச் சொன்னது எனக்குக் காதுல விழுந்துச்சு. ஒருத்தர் பின்னாடி ஒருத்தரா வேனுக்குப் போயிட்டாக. சாரும் போயிட்டாரு. அன்னைக்குப் போனவருதான், இன்னைக்கு வரைக்கும் நான் போனு போட்டா எடுக்குறது இல்ல. இப்பச் சொல்லுங்க, அஞ்சு வருசப் பொழப்பு, ஒரு காலையில போச்சா இல்லையா?

நானும் திரும்புனேன். "அண்ணே"ன்னா.

"நீங்களாவது ஒண்ணு எடுங்கண்ணே. கடைசியில எடுப்போம், கடைசியில எடுப்போம்னு சொல்லுவீகல்ல எம்மவகிட்ட."

வரிசையில யாரும் கலையல. சின்னப்புள்ளைக பல்லைக் காட்டிக்கிட்டு அப்படியே அசையாம நிக்கிதுக. என் கழுத்துல கேமரா தொங்குது. வேன் ஜன்னல்ல சார் பாத்துக்கிட்டு இருக்காரு, நான் எடுத்தா அவரு என்ன நெனப்பாரு? பேட்டரி தீந்து போச்சுத்தான்னு சொல்லிட்டு ஓடி வந்து வேன்ல ஏறிட்டேன்.

தீரல தம்பி. கெளம்பையிலதான் முழுசாச் சார்ஜ் ஏத்தி எடுத்துட்டு வந்தேன்.